மானேஜர் தராத லீவு

என் தம்பி வாஷிங் மெஷின் ரிப்பேர் செய்கிறவன். யாரிடமும் சம்பளத்துக்கு இல்லை, சொந்தமாகச் செய்கிறான். பன்னிரண்டு வருஷமாக இதுதான் பிழைப்பு. அவனைப் பற்றி ஒரு படம் வந்தது என்று சொன்னால் யாரும் நம்பமாட்டார்கள். முதலில் நானே நம்பவில்லை. அந்தப் படத்தைப் பார்த்த ஞாயிற்றுக்கிழமை என் நெஞ்சு அடித்துக்கொள்ள ஆரம்பித்தது, இன்னும் சரியாக நிற்கவில்லை. எழுதினால் நிற்குமோ என்று எழுதுகிறேன்.

வீட்டில் நாங்கள் மூன்று பேர். தம்பி, தம்பி பெண்டாட்டி, நான். முன் அறை முழுக்க அவனுடைய சாமான்தான். கழற்றிப் போட்ட மூடிகள், சுருட்டி வைத்த தண்ணீர்க் குழாய்கள், ஆணியில் மாலை மாதிரி தொங்கும் பெல்ட்டுகள். துருவும் சோப்பும் கலந்த ஒரு வாசம் எப்போதும் அடிக்கும். ஜன்னல் ஓரம் என் தையல் மெஷின். வாஷிங் மெஷினுக்கு உறை தைத்துக் கொடுப்பேன், அவன் போகிற வீடுகளில் கேட்டால் கொண்டுபோய்க் கொடுப்பான்.

உதிரி பாகக் கடையில் அவனுக்கு டிரம் என்று பெயர். மெஷினுக்குள் இருக்கிற அந்த உருளையைத் தட்டிக் காதை வைத்துக் கேட்டே நோவைச் சொல்லிவிடுவான். "பேரிங் போச்சு, இன்னும் பத்து நாள் ஓடும்" என்பான். பதினோராவது நாள் நின்றுவிடும். தண்ணீர் வெளியேறுகிற பம்பைத் திறந்தால் சட்டைப் பொத்தான், தலைப் பின், குழந்தைச் சாக்ஸ் என்று என்னென்னவோ வரும். எல்லாவற்றையும் கழுவித் துடைத்து அந்த வீட்டு அம்மா கையிலேயே கொடுத்துவிட்டுத்தான் வருவான்.

வேலை நன்றாகத் தெரியும். ஆனால் சொந்தமாக ஆரம்பித்த புதிதில் ஒருத்தரும் கூப்பிடவில்லை. கூப்பிட்டவர்களும் முதல் கேள்வி, "எந்தக் கம்பெனி?" என்பார்கள். கம்பெனி இல்லை, நான் ஒருத்தன்தான் என்று சொன்னதும் போனை வைத்துவிடுவார்கள். மெஷின் கெட்டுப்போனால் ரிப்பேர் பண்ண ஒரு ஆள் வேண்டும், அதைவிட முக்கியம், அந்த ஆளைப் பற்றிப் புகார் சொல்ல மேலே இன்னொரு ஆள் வேண்டும். இதை அவன் மூன்று மாதத்தில் புரிந்துகொண்டான். இரண்டாவதாக ஒரு போன் வாங்கினான். அதுதான் ஆபீஸ்.

அந்த போன் அடித்தால் முதலில் எடுப்பது ஆபீஸ் கிளார்க். மூக்கால் பேசுகிற மரியாதையான குரல். "ஒரு நிமிஷம் லைன்ல இருங்க, மெக்கானிக் எங்க இருக்கார்னு பார்த்துச் சொல்றேன்." எங்கே இருக்கார், சாப்பாட்டுத் தட்டுக்கு முன்னால்தான் இருக்கார். பேப்பரைச் சரசரவென்று புரட்டுவான். கோபமாகப் பேசுகிறவர்களுக்கு மானேஜர் வருவார். அடித் தொண்டைக் குரல். "அந்த ஆளை நான் கவனிச்சுக்கறேன். நாளைக்குக் காலைல ஒன்பது மணிக்கு உங்க வாசல்ல நிக்கலன்னா என்னைக் கேளுங்க." சில சமயம் அவர்கள் காதில் விழும்படியாகவே மெக்கானிக்கை மானேஜர் வெளுத்து வாங்குவார். திட்டு வாங்குகிறவன் சோற்றைப் பிசைந்துகொண்டிருப்பான். தம்பி பெண்டாட்டி முந்தானையை வாயில் வைத்துச் சிரிப்பாள். ஒரு அம்மாள் மனசு பொறுக்காமல் மானேஜரிடமே சண்டைக்குப் போய்விட்டார், இவ்வளவு நல்ல ஆளை இப்படித் திட்டலாமா, முதலில் அவருக்குச் சம்பளத்தை ஏற்றுங்கள் என்று. யோசிக்கிறேன் என்று மானேஜர் சொன்னார்.

எனக்கு ஆரம்பத்தில் மனசு ஒப்பவில்லை. பொய்தானே இது. சாமி படத்துக்கு முன் நின்று அவனுக்காக மன்னிப்புக் கேட்டிருக்கிறேன். ஒரு நாள் அவனிடமே கேட்டேன். "மூணு பேர் வேலையை நான் ஒருத்தன்தானக்கா செய்யறேன், மூணு குரல்ல பேசினா என்ன தப்பு?" என்றான். கடவுளுக்குத் தெரியும், யாரையும் அவன் ஏமாற்றியதில்லை.

படம் எடுக்க வந்த பெண் அவனிடம் ரிப்பேருக்குச் சொன்னவள். முப்பது வயதுக்குள் இருக்கும். வேலை முடிந்ததும் ஆபீஸுக்கு போன் பண்ணி மெக்கானிக்கைப் பாராட்டியிருக்கிறாள். இவன் அப்போது அவள் வீட்டு மாடிப்படியில்தான் இறங்கிக்கொண்டிருந்தான். மானேஜர் குரல் போனிலும் கேட்டது, படிக்கட்டிலும் கேட்டது. வெளியே வந்து எட்டிப் பார்த்துவிட்டாள். இவன் அசடு வழிந்தான், அவள் விழுந்து விழுந்து சிரித்தாளாம்.

ஒரு வாரம் கழித்து வீட்டுக்கே வந்தாள். சொந்தமாக வேலை செய்து பிழைக்கிற நான்கு பேரைப் பற்றி ஒரு படம் எடுக்கிறேன், அண்ணா அதில் ஒருத்தராக இருக்க வேண்டும் என்றாள். அவளும் அந்த மாதிரி ஆள்தான். ஆபீஸ் கிடையாது, மேலதிகாரி கிடையாது, கேமரா அவளே, எடிட்டிங் அவளே. இந்த மாதிரி வாழ்க்கையைப் படத்தில் காட்டுகிறவர்கள் ஒன்று பாட்டுப் பாடிக்கொண்டே முன்னேற வைப்பார்கள், இல்லாவிட்டால் தெருவில் நிறுத்தி அழ வைப்பார்கள், நான் உள்ளதை உள்ளபடி எடுக்கப் போகிறேன் என்றாள்.

எனக்கு ஒரே கவலைதான். குரல் விஷயம் படத்தில் வந்து வாடிக்கைக்காரர்கள் பார்த்துவிட்டால்? தம்பி கவலைப்படவில்லை. "என் கஸ்டமர்ங்க இந்த மாதிரிப் படமா பார்க்கப் போறாங்க? எடுத்துட்டுப் போகட்டும் விடுக்கா."

பதினோரு நாள் அவன் பின்னாலேயே அலைந்தாள். காலையில் வந்ததும் அவன் சட்டைக் காலருக்கு அடியில் மொச்சைக் கொட்டை அளவுக்கு ஒரு மைக்கைக் குத்துவாள். அதன் ஒயர் இடுப்பில் ஒரு சின்னப் பெட்டிக்குப் போகும். முதல் நாள் சும்மா சும்மா தொட்டுப் பார்த்துக்கொண்டிருந்தான். மூன்றாம் நாள் மறந்துவிட்டான். மைக்கோடேயே குளிக்கப் போய்விட்டான், பாத்ரூம் கதவைத் தட்டிக் கழற்றச் சொன்னோம். நல்ல தமாஷ் என்று சிரித்தோம். அது கேமரா இல்லாத இடத்திலும் அவன் பேசுவதையெல்லாம் பிடித்துக்கொண்டிருக்கும் என்று எங்கள் மூன்று பேரில் ஒருத்தருக்கும் தோன்றவில்லை.

படம் தயாராக எட்டு மாதம் ஆனது. எண்பது நாற்காலி போட்ட ஒரு சின்ன ஹாலில், ஞாயிற்றுக்கிழமை காலை பதினொரு மணிக்குக் காட்டினார்கள். எங்களுக்குக் கடைசி வரிசை. நடுவில் தம்பி பெண்டாட்டி, அவளுக்கு இந்தப் பக்கம் நான், அந்தப் பக்கம் அவன். துவைத்துத் தேய்த்த நீலச் சட்டை போட்டிருந்தான்.

முதலில் வீடு வீடாகப் போய் முடி வெட்டிவிடுகிற ஒரு அம்மா. லிஃப்ட் கண்ணாடியில் சிரித்துப் பழகிக்கொள்வார், கதவு திறந்ததும் அந்தச் சிரிப்போடு உள்ளே போவார். அடுத்தது வீட்டில் உட்கார்ந்து மொழிபெயர்க்கிற ஒருவர். யாராவது போன் செய்தால் உடனே எழுந்து நின்று பேசுவார், உட்கார்ந்து பேசினால் தூக்கக் குரல் தெரிந்துவிடுமாம். மூன்றாவது வீடு மாற்றிக் கொடுக்கிற ஒரு வண்டிக்காரர். ஊரார் பீரோவையெல்லாம் தூக்குகிறவர் தன் வீட்டுக் கட்டிலை நகர்த்த நேரமில்லாமல் ஒரு வருஷமாகச் சுவரில் இடித்துக்கொண்டு படுக்கிறார். ஹால் நன்றாகச் சிரித்தது, நானும் சிரித்தேன்.

பிறகு தம்பி வந்தான். கிளார்க் பேசினார், மானேஜர் பேசினார். மானேஜர் திட்டுகிற இடத்தில் எனக்கு முன்னால் இருந்தவர் கண்ணீரே விட்டுவிட்டார், அப்படிச் சிரிப்பு. நான் பயந்தது ஒன்றும் நடக்கவில்லை. ஒருத்தரும் அவனைப் பொய்க்காரன் என்று பார்க்கவில்லை. மனசுக்குள் கடவுளுக்கு நன்றி சொல்லிக்கொண்டு அப்பாடா என்று சாய்ந்து உட்கார்ந்தேன்.

அப்போது திரையில் ஒரு மாடி வீட்டு வாசல் வந்தது. நான்காவது மாடி, லிஃப்ட் வேலை செய்யவில்லை என்று எழுதிக் காட்டினார்கள். கேமரா முன்னாலேயே ஏறிப் போய் அவன் வருவதற்காகக் காத்திருக்கிறது. திறந்த கதவு, நாலு ஜோடி செருப்பு, காலிப் படிக்கட்டு. ஆள் யாரும் இல்லை. சத்தம் மட்டும் வந்தது. டூல் பெட்டியைத் தரையில் வைக்கிற சத்தம். அப்புறம் மூச்சு. கிழிந்த துணியை இழுக்கிற மாதிரி ஒரு மூச்சு. அது யாருடையது என்று எனக்கு முதலில் புரியவே இல்லை.

பிறகு அவன் பேசினான்.

"சார், இன்னைக்கு ஒரு நாள் லீவு வேணும் சார்."

மானேஜர் கேட்டார். "என்னய்யா திடீர்னு?"

"நெஞ்சு மேல யாரோ ஏறி உட்கார்ந்த மாதிரி இருக்கு சார். இடது கை மரத்துப் போகுது."

"போன வாரமும் இதையேதான சொன்ன?"

"ஆமா சார். அதுக்கு முந்தின வாரமும் சொன்னேன்."

"இன்னும் மூணு மெஷின் பாக்கி இருக்குய்யா. நீ லீவு போட்டா யார் போவா, நானா?"

கொஞ்ச நேரம் மூச்சு மட்டும்.

"வீட்ல சொன்னியா?"

"இல்ல சார்."

"சொல்லாத. பயந்துடுவாங்க. எந்திரி."

"சரி சார்."

பெட்டியைத் தூக்குகிற சத்தம். ஒவ்வொரு படியாகச் செருப்புச் சத்தம். பிறகு வளைவில் என் தம்பியின் முகம் வந்தது, முகம் முழுக்கச் சிரிப்பு. "மெஷின் எங்கம்மா இருக்கு?"

ஹாலே சிரித்தது. கை தட்டினார்கள்.

என் மணிக்கட்டைத் தம்பி பெண்டாட்டி பிடித்திருந்தாள். எப்போது பிடித்தாள் என்று தெரியாது, வளையல் பதிந்த தடம் மறுநாள்வரை இருந்தது. அவள் திரையைப் பார்க்கவில்லை, அவனைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள். நானும் திரும்பிப் பார்த்தேன். அவன் வாய் லேசாகத் திறந்திருந்தது. தான் பேசியது தனக்கே திரும்பி வரும் என்று அவன் நினைத்திருக்கவில்லை. எல்லோரும் சிரித்து முடித்த பிறகு, பிந்தி, அவனும் கொஞ்சம் சிரித்தான். அந்தச் சிரிப்பில்தான் எனக்கு உயிரே போனது.

விளக்கைப் போட்டார்கள். நான்கு பேரையும் முன்னால் அழைத்து நிற்க வைத்தார்கள். கூட்டத்தில் ஒருவர் எழுந்து, அந்த லீவு கேட்கிற காட்சி அபாரம், அதை எழுதிக் கொடுத்தார்களா, நீங்களே யோசித்ததா என்று என் தம்பியைக் கேட்டார்.

"சும்மா தமாஷுக்குங்க," என்றான்.

பக்கத்தில் நாற்காலி நகர்ந்தது. தம்பி பெண்டாட்டி எழுந்து நின்றிருந்தாள். கடைக்காரரிடம்கூட சத்தமாகப் பேசாதவள்.

"எத்தனை மாசமா?"

இதுவும் படத்தில் ஒரு பகுதி என்று நினைத்து நாலு பேர் சிரித்தார்கள். அவள் உட்காரவில்லை.

"உங்களைத்தான் கேக்கறேன். எத்தனை மாசமா வலிக்குது?"

இப்போது யாரும் சிரிக்கவில்லை. எண்பது பேருக்கு முன்னால் அவன் தலை குனிந்து நின்றான், வீட்டுப் பாடம் எழுதாமல் வந்த பிள்ளை மாதிரி. பிறகு, "ஒரு வருஷம் இருக்கும்," என்றான்.

நேராக ஆஸ்பத்திரி. வழியெல்லாம், ஞாயிற்றுக்கிழமை நல்ல டாக்டர் இருக்கமாட்டார், நாளைக்கு இரண்டு மெஷின் ஒப்புக்கொண்டிருக்கிறேன், முடித்துவிட்டு வருகிறேன் என்று சொல்லிக்கொண்டே வந்தான். தம்பி பெண்டாட்டி அவன் சட்டையின் கீழ் நுனியைப் பிடித்த பிடி விடவில்லை.

நெஞ்சில் ஒயர்களை ஒட்டிப் படம் எடுத்தார்கள், பிறகு இரத்தக் குழாய்க்குள் மருந்து விட்டும் எடுத்தார்கள். இரத்தக் குழாயில் இரண்டு இடத்தில் அடைப்பு. ஒன்று ஏறக்குறைய முழுசாக. அன்றைக்கே உள்ளே சேர்த்து, மறுநாள் காலை குழாய்க்குள் சின்ன வலை வைத்தார்கள். இந்த நெஞ்சை வைத்துக்கொண்டு மாடிப்படி ஏறினாரா என்று டாக்டர் இரண்டு தடவை கேட்டார். இரண்டு தடவையும் அவர் எங்கள் முகத்தைத்தான் பார்த்தார்.

நான் அந்த வராந்தா பெஞ்சில் உட்கார்ந்து சாமி கும்பிடப் பார்த்தேன். வரவில்லை. தினமும் விளக்கேற்றி நான் எதைக் கேட்டேன் என்று நினைவுக்கு வந்தது. தெருவில் உடம்பு முடியாதவர்களுக்கெல்லாம் சுகம் கேட்பேன், எதிர் வீட்டுப் பூனைக்குக்கூடக் கேட்டிருக்கிறேன். தம்பிக்கு மட்டும் ஒன்றே ஒன்று, வேலை குறையாமல் வரவேண்டும். ஒரு வருஷமாக அதை ஒரு நாள் விடாமல் கேட்டேன். கடவுளும் விடாமல் கொடுத்தார். நான் கேட்டதைத் தூக்கிக்கொண்டுதான் என் தம்பி நாலு மாடி ஏறியிருக்கிறான்.

பெட்டியை இடது தோளிலிருந்து வலது தோளுக்கு மாற்றியிருந்தான், பார்த்தேன். இரண்டு தலையணை கேட்டான், எடுத்துக் கொடுத்தேன். சாப்பிட்டு எழுந்ததும் சுவரில் சாய்ந்து நின்றான், என்னடா என்று கேட்காமல் தட்டைக் கழுவினேன். எல்லாம் என் கண்ணெதிரில்தான் நடந்தது.

படக்காரப் பெண் ஆஸ்பத்திரிக்கு ஓடி வந்தாள். எனக்கு யார்மேலும் கோபம் வருவது குறைவு. அன்று வந்தது. "எட்டு மாசம் முன்னாடியே உன் காதுல விழுந்திருக்கே தாயே, எங்ககிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம் இல்ல?" என்று கேட்டேன்.

அவள் முகம் வெளுத்துவிட்டது. "நடிக்கிறார்னு நினைச்சேம்மா. அண்ணா எப்பவும் அப்படித்தான பேசுவார். அந்த இடத்தை வெட்டி ஒட்டறப்ப நாப்பது தடவை கேட்டிருப்பேன். நாப்பது தடவையும் சிரிச்சேன்." அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள். நான் என்ன பெரிய இது, பக்கத்திலேயே இருந்த நானே கேட்கவில்லையே என்று தோன்றியது. தூக்கி உட்கார வைத்துத் தண்ணீர் வாங்கிக் கொடுத்தேன்.

ஆறு வாரம் படியேறக் கூடாது, கனம் தூக்கக் கூடாது என்று அனுப்பினார்கள். ஆபீஸ் போனைத் தம்பி பெண்டாட்டி எடுத்து வைத்துக்கொண்டாள். அவளுக்கு ஒரே குரல்தான். கூப்பிட்டவர்களுக்கெல்லாம், அவருக்கு நெஞ்சு வலி, படுத்திருக்கார், வேறு ஆள் இல்லை என்று உள்ளதைச் சொன்னாள். பாதிப் பேர் வேறு இடம் பார்த்துக்கொண்டார்கள். சிலர் நிஜமாகவே காத்திருந்தார்கள். ஒருவர் மட்டும் ரொம்ப அவசரம், மெக்கானிக் இல்லாவிட்டால் மானேஜரையாவது அனுப்புங்கள் என்று கேட்டார். "மானேஜரும் அதே கட்டில்லதாங்க படுத்திருக்கார்," என்று சொல்லிப் போனை வைத்தாள். வைத்துவிட்டு அழுதாள். அன்றைக்குத்தான் முதல் தடவை அழுதாள்.

ஐந்தாவது வாரம் படக்காரப் பெண் வீட்டுக்கு வந்தாள். படத்தை இன்னும் நாலு ஊரில் காட்டக் கேட்கிறார்களாம், அந்த இடத்தை எடுத்துவிடட்டுமா என்று கேட்க வந்திருந்தாள். நீங்கள் சொன்னால் இன்றைக்கே வெட்டிவிடுகிறேன் என்றாள். எடுத்துவிடு என்றுதான் நான் சொன்னேன். அந்த மூச்சை இன்னொரு ஹால் கேட்டுச் சிரிப்பதை என்னால் தாங்க முடியாது.

"இருக்கட்டும்மா," என்றான் தம்பி. "அன்னைக்கு நான் கடைசி வரிசைலதான இருந்தேன். எல்லாரும் சிரிக்கறப்ப சிரிக்காம கல்லு மாதிரி உட்கார்ந்திருந்தவங்க அஞ்சாறு பேர் இருந்தாங்க. முதுகைப் பார்த்தாலே தெரிஞ்சுது. அவங்களுக்கும் உள்ள ஒரு மானேஜர் இருக்கான் போல."

தம்பி பெண்டாட்டி டீ போட்டுக் கொண்டுவந்தாள். அந்தப் பெண் டம்ளரை இடது கையால் வாங்கினாள். வாங்கியது சரியாக நிற்காமல் கொஞ்சம் சிந்தியது. ஐந்து வாரத்துக்கு முன்னால் என்றால் துடைத்துவிட்டு வேறு பேச்சுக்குப் போயிருப்பேன்.

"வலது கைக்கு என்னம்மா?" என்று கேட்டேன்.

"ஒண்ணுமில்லம்மா."

"ஒண்ணுமில்லன்னா அந்தக் கையால வாங்கு, பார்ப்போம்."

அவள் வாங்கவில்லை. கையை மடியில் வைத்தபடியே பார்த்துக்கொண்டிருந்தாள். எடிட்டிங் முடிகிற நேரத்தில் ஆரம்பித்ததாம். கட்டை விரலும் அடுத்த இரண்டு விரலும் மரத்துப் போயிருக்கிறது, காலையில் சட்டைப் பொத்தான் போட முடியவில்லை, பல்லால் பிடித்துப் போடுகிறாள். அடுத்த வேலை ஒப்புக்கொண்டாகிவிட்டது, அதை முடித்துவிட்டுக் காட்டலாம் என்று இருக்கிறாள். அவள் அம்மாவுக்குத் தெரியாது. யாருக்கும் தெரியாது. எல்லாவற்றையும் லேசாகச் சிரித்துக்கொண்டே சொன்னாள்.

அந்தச் சிரிப்பு எங்களுக்குத் தெரியும். மூன்று பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம்.

தம்பி பெண்டாட்டி அடுப்பை அணைத்துவிட்டு வந்தாள். வாசலில் செருப்பை மாட்டினாள். "எழுந்திரும்மா, போலாம்."

"எங்கக்கா? எனக்கு நாலு மணிக்கு ஒரு..."

"அது இருக்கட்டும். அண்ணி, அந்த ஆஸ்பத்திரி ஃபைலை எடுத்துக் குடுங்க, போன் நம்பர் அதுலதான் இருக்கு."

எடுத்துக் கொடுத்தேன். கட்டிலில் சாய்ந்திருந்த தம்பி, தன் சொந்தக் குரலில், "மாடிக்குப் போகாதீங்க, நரம்பு டாக்டர் கீழேயே இருக்கார். இப்பவே போனா கூட்டம் இருக்காது," என்றான்.